இரும்பு நுழையாத அறை

மே 27, செவ்வாய்

மழை இந்த வருஷம் முந்திக்கொண்டு வந்துவிட்டது. கூடத்தில் இரண்டு இடத்தில் ஒழுக்கு. தெற்கறையிலும் ஒழுகுகிறது என்று சந்தேகம். வாசலில் நின்று எட்டிப் பார்த்தால் கல்பீடத்தின் மேல் ஈரம் மின்னுகிறது. உள்ளே போய்ப் பார்க்க வழியில்லை. குளியலறையில் விழுந்து தொடையில் கம்பி வைத்ததிலிருந்து நான் அந்த அறைக்குள் போவதில்லை; அங்கே இரும்பு நுழையக் கூடாது. கொண்டை ஊசியைக் கழற்றித் தட்டில் வைக்கலாம், சாவிக்கொத்தை வைக்கலாம். தொடைக்குள் இருப்பதை எங்கே கழற்றி வைப்பது?

பெங்களூரிலிருந்து தம்பி கிருஷ்ணகுமார் போன். வழக்கமான பாட்டு. "எக்கா, ஆரியசாலையில இம்புட்டுப் பெரிய வீட்டுல நீ ஒருத்தி இருந்து என்ன செய்யப் போற? ரெண்டு பேருமாக் கையெழுத்துப் போட்டா காண்ட்ராக்டர் ஹரிகுமார் பிளாட் கெட்டித் தருவான்." சரி, தெற்கறையை என்ன செய்வாய் என்று கேட்டேன். போனை வைத்துவிட்டான். பல வருஷமாக அந்தக் கேள்விதான் இந்த வீட்டைக் காப்பாற்றிவருகிறது. கம்ப்யூட்டர் கம்பெனியில் ஒரு கூட்டத்தையே மேய்க்கிறவன். தாத்தாவின் அறையை இடிக்க மட்டும் அவனுக்குப் பயம்.

மே 30, வெள்ளி

தெற்கறை வாசலில் விளக்கு வைத்தேன். காற்றில் இரண்டு முறை அணைந்தது. மூன்றாவது முறை நானும் விட்டுவிட்டேன்.

ஜூன் 4, புதன்

ரெம்யா என்று ஒரு பெண் போன் செய்தாள். பூமியின் காந்தத்தைப் பற்றி ஆராய்ச்சி செய்கிறாளாம். நயினார் பிள்ளையின் வீடு இதுதானா என்று கேட்டாள்.

தாத்தாவின் பெயரை வெளியாள் வாயிலிருந்து கேட்டு எத்தனை காலம்! எங்களுக்கே அது மறந்துபோய், அவர் வெறும் 'பெரியவர்' ஆகிவிட்டார். வெள்ளைக்காரன் காலத்தில் காலேஜில் பௌதிகம் சொல்லிக்கொடுத்தார், நான் பிறப்பதற்கு முன்பே போய்விட்டார். இவ்வளவுதான் தெரியும். அதற்குப் பிறகு அவர் சாமி. சாமியிடம் யார் போய் வேலைவெட்டி விசாரிப்பது?

அடுத்த புதன்கிழமை வரச் சொல்லியிருக்கிறேன்.

ஜூன் 11, புதன்

ரெம்யா வந்தாள். முப்பது வயசு இருக்கும். மூக்குக்கண்ணாடி, நனைந்த குடை, தமிழும் மலையாளமும் கலந்த பேச்சு. தெற்கறை வாசலில் இருக்கும் பித்தளைத் தட்டைக் காட்டி, இரும்பாக எது இருந்தாலும் இதில் வைத்துவிட்டுப் போ என்றேன். ஏன் என்று கேட்டாள். அம்மா எனக்குச் சொன்னதை அப்படியே சொன்னேன். பெரியவருக்கு இரும்பு ஆகாது. அந்த அறையில் ஆணி கிடையாது, எல்லாம் மரமுளையும் செம்பும்தான். கரண்ட் கிடையாது, ஃபேன் கிடையாது. ஆடி அமாவாசைக்கு அவருக்குப் படப்பு போட்டுப் படைக்கும்போது வெள்ளரிக்காயைக்கூட அரிவாள்மனையில் நறுக்காமல் கையால் ஒடித்துத்தான் வைப்போம். உச்சிநேரத்தில் முற்றத்துக்குள் சைக்கிள் வரக் கூடாது.

அவள் என்னையே பார்த்துக்கொண்டு நின்றாள். பிறகு சாவி, வாட்ச், கிளிப் எல்லாவற்றையும் தட்டில் வைத்துவிட்டு உள்ளே போனாள். பீடத்தின் முன்னால் உட்கார்ந்து, அதற்கும் தரைக்கும் நடுவே இருக்கும் இடுக்கில் விரலை விட்டுப் பார்த்தாள். நாங்கள் வருஷா வருஷம் பால் ஊற்றும் இடுக்கு அது.

"ஆன்ட்டி, இது பீடம் அல்ல. காந்த ஊசி வைக்கிற தூணு. ஆள் நடந்தா ஊசி ஆடக் கூடாது அல்லே, அதான் மண்ணில தனியா ஊன்றி, தரையத் தொடாம நிக்குது."

எனக்கு முதலில் கோபம்தான் வந்தது.

பிறகு அவள் பையிலிருந்து நாலு பக்கத் தாளை எடுத்துக் காட்டினாள். ஏதோ வெளிநாட்டுப் பத்திரிகையில் தாத்தா எழுதியதன் நகல். நடுவில் முதுகு வளைந்த ஒரு கோடு. உச்சிநேரத்தில் இந்த ஊரில் பூமியின் காந்தம் மற்ற ஊர்களில் இல்லாத அளவுக்கு ஏறி இறங்குகிறது என்று கண்டாராம். அப்போது அவருக்கு மேலே இருந்த துரை நம்பவில்லை. வெயிலில் உனக்குக் கண் தவறியிருக்கும் என்று சொல்லிக் கருவி இருந்த இடத்துப் பக்கமே வரக் கூடாது என்றாராம். அதையும் தாத்தா முதல் பக்கத்திலேயே மரியாதையாக எழுதியிருக்கிறார். அதனால்தான் தன் வீட்டிலேயே இரும்பில்லாமல் ஒரு அறை. இரும்பு பக்கத்தில் இருந்தால் ஊசி அதன் பேச்சைக் கேட்கும், பூமியின் பேச்சைக் கேட்காது.

வானத்தில் வெகு உயரத்தில், இந்த ஊர் வழியாக, பகலில் ஒரு மின்னோட்டம் ஓடுகிறதாம். அதைத் தேடித்தான் பிற்காலத்தில் பக்கத்துத் தும்பாவிலிருந்து ராக்கெட் விட்டார்களாம். அதற்குள் தாத்தா போய்ச் சேர்ந்துவிட்டார்.

அதே கல்லில் வைத்து அதே உச்சிநேரத்தை இன்னொரு தடவை அளக்க வேண்டும் என்கிறாள். ஆனால் சாலைச் சந்தைக் கடைகளுக்கு லாரி ஓடும்வரை நடக்காது. நிற்கிற இரும்பு பரவாயில்லையாம், ஓடுகிற இரும்புதான் தொல்லையாம்.

"இத்தனை வருஷம் இரும்பு புகாம இதை யாரு காத்து நோக்கினது, ஆன்ட்டி?"

நாங்கள்தான், பயந்துகொண்டு, என்றேன்.

ஜூன் 12, வியாழன்

காலையிலிருந்து அம்மா நினைப்பு.

"உச்சியாச்சு, அனங்காம இரி" என்பாள். கையைச் சேலையில் துடைத்துக்கொண்டு கூடத்துக்கு வந்து எங்கள் இரண்டு பேரையும் படுக்க வைப்பாள். அப்பா சாப்பிட வரும்போது சைக்கிளைத் தெருமுனையில் பிச்சைக்கனி நாடாரின் மிளகாய் மண்டியில் விட்டுவிட்டு நடந்து வருவார். வற்றல் நெடி அவர் சட்டையில் இருக்கும். வீடு முழுக்க அப்படி ஒரு அமைதி. நான் காதைத் தரையில் வைத்துக்கொண்டு, தெற்கறையில் பெரியவர் சாப்பிடுகிறார், இப்போது ரசம் ஊற்றிக்கொள்கிறார் என்று தம்பியிடம் சொல்வேன். அவன் என் கையைப் பிடித்துக்கொள்வான்.

அம்மா இந்த வீட்டுக்கு வந்த பிறகு தாத்தா நாலைந்து வருஷம்தான் இருந்தார். மாமனார் மருமகளிடம் காரணம் சொல்கிற காலமா அது? "இரும்பு கொண்டுவராத" என்றிருப்பார். அவள் "சரி" என்றிருப்பாள். அந்த ஒரு சரியைச் சாகும்வரை காப்பாற்றினாள். காரணம் தெரிந்திருந்தால் இவ்வளவு கவனமாக இருந்திருப்பாளா? ஒருநாள் கைமறதியாகவாவது ஒரு கரண்டி உள்ளே போயிருக்காதா?

எனக்கு அழுகை வந்தது. எதற்கு என்று தெரியவில்லை. அம்மாவிடம் போய், அது பீடம் இல்லையாம் அம்மா என்று சொல்ல முடிந்தால் என்ன சொல்வாள்? "வெளக்க வெச்சியா, அதச் சொல்லு" என்பாள்.

ஜூன் 15, ஞாயிறு

நுணலும் தன் வாயால் கெடும் என்பது என்னைப் பார்த்துச் சொன்னதுதான்.

கிருஷ்ணகுமாரிடம் பெருமையாக எல்லாவற்றையும் சொன்னேன். தாத்தாவைப் பற்றி அவனும் தெரிந்துகொள்ளட்டுமே என்று. கேட்டுவிட்டுச் சிரித்தான், நிறுத்தாமல். "அப்பம் அது வெறும் கல்லா எக்கா? இத்தன வருசம் ஒரு ஸ்டாண்டுக்கா வெள்ளரிக்கா படைச்சோம்?" சிரித்து முடித்து, "அப்பம் இடிச்சாக் குத்தமில்லல்லா" என்றான்.

ஜூலை பத்தாம் தேதி பத்திரம் பதிய வருகிறான். நான் வேண்டாம் என்றதற்கு, ஒரு காரணம் சொல்லு, நிறுத்துகிறேன் என்றான். ஒழுகும் வீடு, ஊன்றுகோல் பிடித்த கிழவி. என்ன காரணம் இருக்கிறது? சரி என்றுவிட்டேன். அம்மாவின் சரி வேறு, என்னுடைய சரி வேறு.

ஜூன் 17, செவ்வாய்

சாமியாகவே இருந்திருந்தால் தப்பித்திருப்பார்.

ஜூன் 28, சனி

பிளாட் கட்டப்போகும் ஹரிகுமார் வீட்டை அளக்க வந்தார். கையில் இரும்பு டேப். தெற்கறை வாசலில் அதைத் தட்டில் வைக்கச் சொன்னேன். டேப்பை வைத்துவிட்டால் எதை வைத்து அளப்பது என்று நியாயமாகத்தான் கேட்டார். பிறகு அறைக்குள் எட்டிப் பார்த்துவிட்டு, குரலைத் தாழ்த்தி, "சேச்சி, அகத்து யக்ஷி வல்லதும் உண்டோ?" என்றார்.

உள்ளே பேய் பிசாசு ஏதாவது உண்டா என்கிறார். உண்டு என்றேன். வெளியில் நின்றே உத்தேசமாக அளந்துகொண்டு போனார். சொன்னது பொய்தான். பாவம் வந்தால் என் கணக்கில் சேரட்டும்.

ஜூலை 4, வெள்ளி

ஒன்பதாம் தேதி நாடு முழுக்கப் பணிமுடக்கு. பஸ் ஓடாது, லாரி ஓடாது, கடை திறக்காது. ஊரே சபிக்கிறது. ரெம்யா மட்டும் திருவிழா வரப்போகிற மாதிரி போனில் குதிக்கிறாள். மறுநாள் பத்திரம் என்று சொன்னேன். "அப்போ ஒரே ஒரு உச்சி கிட்டும்" என்றாள்.

ஜூலை 9, புதன்

நேற்றே ரெம்யா வந்து தங்கிவிட்டாள். விடிந்ததும் கல்லின் மேல் ஒரு சின்னக் கருவியை வைத்து, வயரை நீளமாக இழுத்துக் கூடத்தில் லேப்டாப்பில் மாட்டினாள். "ஆன்ட்டியோட காலில கம்பி உண்டல்லோ, எதுக்கும் அந்தப் பக்கம் வர வேண்டா" என்றாள். அம்மாவே சொன்ன மாதிரி இருந்தது. அடுக்களை வாசலில் பிளாஸ்டிக் நாற்காலி போட்டு உட்கார்ந்தேன்.

கிருஷ்ணகுமார் ரயிலை விட்டு இறங்கி, ஆட்டோ கிடைக்காமல் தம்பானூர் ஸ்டேஷனிலிருந்து பெட்டியை இழுத்துக்கொண்டு நடந்தே வந்தான். முகத்தில் எள்ளும் கொள்ளும் வெடித்தது. ரெம்யா பெட்டியை வாசலுக்கு வெளியே நிறுத்தச் சொன்னாள். "இடிக்கப் போற அறைக்கு இவ்வளவு ஆசாரமா?" என்று என்னிடம் எரிந்து விழுந்துவிட்டுக் குளிக்கப் போனான்.

பதினொன்றரைக்கு மழை பிடித்தது. தெற்கறையில் ஒழுக்கு, கருவிக்கு நேர் மேலே. குடையை எடுத்துக்கொண்டு ஓடிய ரெம்யா, அதன் கம்பியைப் பார்த்து அப்படியே நின்றுவிட்டாள். லேப்டாப்பை விட்டு அவள் நெடுநேரம் நகர முடியாது. நான் போகக் கூடாது. "நனைஞ்சா போச்சு ஆன்ட்டி, எல்லாம் போச்சு" என்றாள், அழுகிற குரலில்.

கிருஷ்ணகுமார் வேட்டியோடு கூடத்தில் நின்றிருந்தான். என்னைப் பார்த்தான். பிறகு முற்றத்துக்குப் போய், வாழையிலை அறுக்க அரிவாளை எடுத்தவன், அதை வைத்துவிட்டுக் கையால் ஒடித்தான். வாசலில் குனிந்து வாட்சையும் போனையும் தட்டில் வைத்தான். யாரும் அவனிடம் சொல்லவில்லை.

கல்லுக்கு மேலே இலையைப் பிடித்துக்கொண்டு நின்றான். தண்ணீர் இலையிலிருந்து வழிந்து அவன் தோளில் இறங்கியது. வெளியே ஒரு வண்டி இல்லை. மழைச் சத்தம் தவிர வீட்டில் ஒன்றும் இல்லை. எத்தனையோ வருஷம் கழித்து இந்த வீட்டில் உச்சிநேரம் வந்தது.

லேப்டாப்பில் கோடு ஏறிக்கொண்டே போனது. உச்சியில் சற்று நின்றது. பிறகு இறங்கத் தொடங்கியது. ரெம்யா தாத்தாவின் தாளை எடுத்துப் பக்கத்தில் வைத்தாள். அதே முதுகு, அதே இறக்கம்.

"ஆன்ட்டி, அவருக்குக் கண்ணு தவறல."

கிருஷ்ணகுமார் வெளியே வந்து, ஈரத்தோடு அந்தக் கோட்டையே பார்த்துக்கொண்டு நின்றான். "நான் உள்ள நின்னப்பமா இப்பிடி மேல போச்சு?" என்று மட்டும் கேட்டான்.

ஜூலை 10, வியாழன்

பத்திர ஆபீசுக்குப் போக நல்ல சேலை எடுத்து உடுத்திக்கொண்டேன். அவன் கிளம்பவில்லை. "கை ரெண்டும் கடுக்குது எக்கா, பேனா பிடிக்க முடியாது" என்றான். சாயங்கால வண்டிக்குப் புறப்பட்டுவிட்டான். தெருவில் பெட்டியை இழுத்துக்கொண்டு போனவன், முற்றத்தில் மட்டும் தூக்கிக்கொண்டு போனான்.

ஜூலை 16, புதன்

கிருஷ்ணகுமார் போனில் மழையை மட்டும் விசாரித்தான். பத்திரப் பேச்சை நானும் எடுக்கவில்லை. மழை.

ஜூலை 24, வியாழன், ஆடி அமாவாசை

ஊர் முழுக்க முன்னோருக்குப் பிண்டம் வைத்துப் பலியிடச் சங்குமுகம் கடற்கரைக்குப் போகிறது. கிருஷ்ணகுமார் நேற்றே வந்துவிட்டான். சொல்லிக்கொள்ளாமல் வந்து, ஓடு மாற்றுகிற ஆளைக் கூட்டிவந்து, நாள் முழுக்கக் கூரையடியில் நின்றான்.

இன்று காலை அடுக்களையில் உட்கார்ந்து வெள்ளரிக்காயை ஒடித்துக்கொண்டே சொன்னான், "ஹரிகுமார்ட்ட வேற எடம் பாத்துக்கிடச் சொல்லிட்டேன்."

"வெறும் கல்லுதானே மக்கா?"

"கல்லுதான். எனக்கும் தெரியும்." இன்னொரு காயை ஒடித்து இலையில் வைத்தான். "பயம் போகல எக்கா. முன்ன, பெரியவர் உள்ள இருக்காருன்னு பயம். இப்பம், அவருக்க வேலைய நான் கெடுத்துருவேனோன்னு."

இந்த வருஷம் இடுக்கில் பால் ஊற்றவில்லை. கூடாது என்று ரெம்யா கண்டிப்பாகச் சொல்லியிருக்கிறாள். அடுத்த பணிமுடக்குக்கு வருவாளாம். மற்றபடி எல்லாம் அம்மா செய்த மாதிரிதான்.

விளக்கை எடுத்துக்கொண்டு அவன் உள்ளே போனான். நான் வழக்கம்போல வாசலில் நின்றேன். அவன் திரும்பிப் பார்த்து, "இன்னைக்கு அளவு ஒண்ணும் கிடையாதுல்லா, நீயும் வா" என்றான்.

கொண்டை ஊசியையும் சாவியையும் தட்டில் வைத்துவிட்டு, காலில் கம்பியோடு உள்ளே போனேன். கல் காய்ந்திருந்தது.