ஓடும் மெஷினில் ஒரு கை

21.11.83, திங்கள். நாகலூர் எஸ்டேட் பங்களா (கதை எழுதப் படக் கம்பெனி எடுத்துக் கொடுத்தது).

வெட்கத்தை விட்டு எழுதிவிடுகிறேன். மில் தொழிலாளர் கதைகளாகவே ஒன்பது படம் எழுதிய நான் இன்றுவரை ஒரு மில்லுக்குள் கால் வைத்ததில்லை. என் மில் சத்தமெல்லாம் மனைவியின் தையல் மெஷினைக் கேட்டு எழுதியது. அந்தப் படங்களின் டைரக்டரும் மில் பக்கம் போனதில்லை. அவருக்குப் பஞ்சைக் கண்டாலே தும்மல்.

காலையில் எஸ்டேட் வாட்ச்மேன் என்னைத் தேடி வந்தார். முன்பு சேலத்தில் நூல் மில்லில் வேலை பார்த்தவராம். ரசிகர் என்று நினைத்துச் சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டேன்.

"ஏனுங்க, ஹீரோ ஓடற மெஷின்ல கைய உட்டுச் சிக்கெடுப்பானே, அது நீங்க எழுதுனதுங்களா?"

"நானேதான்" என்றேன், பல்லெல்லாம் தெரிய.

"எந்தம்பியும் அப்படித்தானுங்க உட்டான், படம் பாத்த மறுநாளு. கூட இருந்தவனுக விசிலடிச்சானுக. கை போயிருச்சுங்க. மெஷின நிறுத்தாம கை வெக்கக் கூடாதுன்னு மொத நாளே சொல்லிக் குடுப்பாங்க. உங்களுக்கு யாரும் சொல்லலீங்களா?"

மெஷின் நின்றால் காட்சி படுத்துவிடும் என்றுதான் ஓடவிட்டேன்.

"சண்டைக்கு வரலீங்க. அடுத்த படத்துல நிறுத்திட்டுக் கை வெக்கச் சொல்லுங்க, அது போதும்."

சத்தியம் செய்தேன். அவர் கும்பிட்டுவிட்டுப் போனார். இப்போது இரவில் விளக்கை அணைத்தால் அந்த விசில் கேட்கிறது. இரண்டு முறை எழுந்து என் கையைத் தொட்டுப் பார்த்துக்கொண்டேன்.

மத்தியானம் கம்பெனி ஆள் வந்து புதுப் படத்தின் கிளைமாக்ஸை வாங்கிப் போனான். அதிலும் மெஷின் ஓடிக்கொண்டுதான் இருக்கிறது.