நான் கைநாட்டு வைத்த புகார்

விருத்தாசலம்,
வெள்ளிக்கிழமை தொடங்கித் திங்கட்கிழமை முடித்தது.

அன்புள்ள மருமகள் பூங்கோதைக்கும் பேத்தி வெண்பாவுக்கும், மாமனார் கொளஞ்சிநாதன் தன் கையாலேயே எழுதுவது. ஆள் வைத்து எழுதவில்லை. நம்பாவிட்டால் எழுத்தின் கோணலைப் பார்த்துக்கொள்.

நாங்கள் நலம். உன் அத்தைக்கு முழங்கால் வலி அப்படியே இருக்கிறது. என் மகன் அன்புச்செல்வன் வேலை பார்த்த பீங்கான் கம்பெனியில் எனக்கு வாட்ச்மேன் வேலை கொடுத்திருக்கிறார்கள். அவன் அச்சில் வார்த்த குதிரை பொம்மை ஒன்று அங்கே கிடைத்தது. வெண்பாவுக்காக எடுத்து வைத்திருக்கிறேன்.

எட்டு மாதமாக முதியோர் வகுப்புக்குப் போகிறேன். இளமதி என்று ஒரு பெண் சொல்லிக்கொடுக்கிறது. கொம்பும் காலும் சேர்ந்து வரும் எழுத்துதான் கழுத்தை அறுக்கிறது. என் பெயரே அதில்தான் தொடங்குகிறது! உன் அத்தை, "அறுபத்தெட்டு வயசுல பையத் தூக்கினு ஸ்கூலுக்குப் போறாரு பாரு புதுமாப்பிள்ள" என்று தெருவுக்கே கேட்கும்படி சொல்கிறாள். சொல்லட்டும். பஸ் ஸ்டாண்டில் இப்போது யாரையும் கேட்பதில்லை. பெண்ணாடம், திட்டக்குடி, சேலம் எல்லாம் நானே படிக்கிறேன். வேப்பூர் பலகை வந்தால் மட்டும் வேறு பக்கம் பார்த்துக்கொள்வேன்.

இனி விஷயம். போன வாரம் வக்கீல் தமிழ்மணி நம் நஷ்டஈட்டு வழக்குக் கட்டைக் கொடுத்து நகல் எடுத்துவரச் சொன்னார். கடையில் கூட்டம். காத்திருந்த நேரத்தில், வேப்பூரில் விபத்து நடந்த அன்று நான் கொடுத்த புகாரை எழுத்துக் கூட்டிப் படித்தேன். "தாய்வீட்டுக் காதுகுத்துக்கு நேரமாகிவிட்டது என்று மருமகள் அவசரப்படுத்தியதால் என் மகன் வேகமாக ஓட்டிப்போய் லாரியில் மோதிவிட்டான்" என்று இருக்கிறது. கீழே என் கட்டைவிரல் ரேகை.

எழுதிய போலீஸ்காரர் மேல் குற்றமில்லை. பிணவறை வாசலில் நெஞ்சில் அடித்துக்கொண்டு நான் கத்தியதைத்தான் எழுதியிருக்கிறார். சாவென்றால் யாரையாவது ஏசாமல் அழத் தெரியாத சனம் நாம். அழுதது காற்றோடு போயிருக்கும் என்று இருந்துவிட்டேன். அது காகிதத்தில் ஏறி இன்சூரன்ஸ்காரர்கள் கைக்குப் போய்விட்டது. தப்பு உங்கள் பையன் மேல்தான், பெற்ற தகப்பனே சொல்லியிருக்கிறார், பணம் தர முடியாது என்கிறார்கள்.

தமிழ்மணி ஒரு வழி சொன்னார். "கூண்டுல ஏறி, நான் கைநாட்டு, அதுல இன்னா எழுதியிருந்துச்சோ எனக்குத் தெரியாதுன்னு ஒரு வார்த்த சொல்லிட்டு எறங்கிடுங்க" என்றார். சொன்னது நான்தானே, இப்போது கையெழுத்தும் போடுவேனே என்றேன். "ஏன் பெரியவரே, எழுதக் கத்துக்க இந்த வருசந்தான் கெடச்சுதா" என்று தலையில் அடித்துக்கொண்டார். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது.

ஆனால் அப்படிச் சொல்ல மாட்டேன். நான் அந்த இடத்தில் இல்லை, பார்க்காததைச் சொன்னேன், மருமகள் மேல் பழி போட்டேன், வண்டியில் பின்னால் உட்கார்ந்திருந்தவள் அவள், அவளைக் கேளுங்கள் என்று சொல்லப் போகிறேன். வரும் இருபத்தொன்றாம் தேதி, செவ்வாய்க்கிழமை, காலை பத்தரை மணிக்கு.

நீ வந்து சாட்சி சொல்லாவிட்டால் வழக்கு நிற்காது என்கிறார் வக்கீல். அவர் இரண்டு முறை போன் செய்தும் வரமாட்டேன் என்று சொல்லிவிட்டாயாம். பதினாறாம் நாள் குழந்தையைத் தூக்கிக்கொண்டு நீ திருப்பூருக்குப் புறப்பட்டபோது நான் வாசலுக்குக்கூட வரவில்லை. அதனால் உன்மேல் எனக்கு வருத்தமில்லை. போனில் பேசலாம் என்றால், நீ எடுத்தாலும் எனக்கு வாய் வராது. அதனால்தான் நாலு நாளாக எழுதிக்கொண்டிருக்கிறேன்.

வெண்பாவைப் படிக்க வைக்க அந்தப் பணத்தை விட்டால் வேறு வழியில்லை. அதற்காகவாவது வா.

ஆஸ்பத்திரிக் கட்டிலில் கிடந்தபோது, "லாரிக்காரன் சிக்னல் போடாம திரும்பிட்டான் மாமா" என்று நீ சொல்ல வந்தாய். நான் எழுந்து போய்விட்டேன். அன்று பாதியில் நின்றதைக் கோர்ட்டில் முழுதாகச் சொல் அம்மா. முன் பெஞ்சில் உட்கார்ந்து கேட்கிறேன்.

நீயும் குழந்தையும் நோய்நொடி இல்லாமல் இருக்கப் பழமலைநாதரை வேண்டும்,

உன் மாமா,
ப. கொளஞ்சிநாதன்