மேயருக்குத் தட்டாத கைகள்

அன்பு மகள் நெஸ்ரினுக்கு,

உன் அம்மா ஜெவ்ரியே எழுதுவது. போனைத்தான் எடுக்க மாட்டேன் என்கிறாய், கடிதத்தையாவது கிழிக்காமல் படி. முழங்கால் வலி பரவாயில்லை. தக்காளி விழுது காயவைத்து உனக்கும் ஒரு புட்டி எடுத்து வைத்திருக்கிறேன்.

ஜெர்மனியில் இருந்துகொண்டு நீ போனில் பார்த்த சுவரொட்டி, இங்கே பேருந்து நிலையத்தில் மூன்று ஆள் உயரத்துக்கு நிற்கிறது. மேயர் நெஜ்தெத் மார்பில் கைவைத்து நிற்க, பக்கத்தில் நான் வாயெல்லாம் பல்லாகக் கைதட்டுகிறேன். ‘மகனை இழந்த தாயும் எங்களோடு’ என்று கீழே எழுத்து. தம்பி சாகக் காரணமானவனுக்கா தட்டினாய் என்று நீ கேட்டதில் தப்பில்லை.

நான் தட்டியது சினிமாவுக்கு. வசந்த காலத்தில் இஸ்தான்புல்காரர்கள் படமெடுக்க வந்தார்கள். ஒரே குடிநீர்க் குழாயை மூன்று தடவை திறந்துவைக்கும் மேயரின் கதை. மூன்று தடவையும் திறப்புவிழாப் பலிக்கு வந்து நிற்பது அதே ஆடுதான். நம் கட்டடத்தின் தூணை வெட்டிக் கடை வைக்க அனுமதி கொடுத்து, பூகம்பத்தில் அது சரியக் காரணமான மனிதனை நினைத்து நாலு பேர் சிரிக்கட்டும் என்றுதான், சினிமா மேயருக்குக் கைதட்டும் கூட்டத்தில் நானும் போய் நின்றேன்.

ஆனால் கை எழவில்லை. டைரக்டர் வந்து, “அம்மா, வேண்டாவெறுப்பாத் தட்டுறது மூஞ்சியிலேயே தெரியுது. யாரைப் பாத்தா உங்களுக்குச் சந்தோஷம்? அவங்க வராங்கன்னு நெனச்சுக்குங்க” என்றான். நினைத்தேன். நம் ஸெர்டார் இடிபாட்டிலிருந்து சட்டையைத் தட்டிக்கொண்டு எழுந்து வந்தான். அப்போதுதான் தட்டினேன் நெஸ்ரின். கை சிவக்கும்வரை தட்டினேன்.

அங்கே என்னைப் போட்டோ எடுத்து நம் மேயர் பக்கத்தில் ஒட்டியவன் அவருடைய மைத்துனனாம். எனக்கு எப்படித் தெரியும்? படம் எல்லா ஊரிலும் ஓடுகிறது, நம்மூர் தியேட்டரில் மட்டும் மெஷின் ரிப்பேர். பக்கத்து வீட்டு ஹவ்வா, “தட்டின கைக்கு மேயர் என்னக்கா குடுத்தாரு?” என்று தெருவில் நின்று கேட்கிறாள்.

போன விசாரணையில் மேயரின் வக்கீல் அந்தச் சுவரொட்டிப் படத்தை நீதிபதி முன் வைத்து, “இந்தம்மாவுக்கு எங்க மேயர் மேல கோவமே இல்லீங்களே” என்றான். அது சினிமா ஐயா என்றேன். சிரித்தார்கள்.

அடுத்த விசாரணை அக்டோபர் ஒன்பது. தூணை வெட்டியதைக் கண்ணால் பார்த்தவள் நீ. சாட்சி சொல்ல வருவதாக இருந்தாய், வந்துவிடு. கோபம் ஆறவில்லை என்றால் என்னோடு பேச வேண்டாம், நீதிமன்றத்தில் பேசு.

நீ குடியிருக்கும் வீட்டின் தூண்களை அல்லா காக்கட்டும்.

உன் அம்மா,
ஜெவ்ரியே