பின்சீட்டில் பேசியவள்

என்னங்க,

நைட் ஷிஃப்ட் முடிந்து வந்து தூங்குகிறீர்கள், எழுப்ப மனசு வரவில்லை. வக்கீல் அக்கா போன் செய்தார். நம் விபத்து வழக்கில் தீர்ப்பு வந்துவிட்டது! முழுத் தவறும் லாரிக்காரர் மேல்தான்!

பைக்கின் பின்சீட்டில் நான் பேசியதால் நீங்கள் திரும்பிப் பார்த்தீர்கள், பாதித் தவறு உங்களுடையது என்று இன்சூரன்ஸ்காரர்கள் சாதித்தார்களே, அது எடுபடவில்லை. விபத்து நடந்த இடத்துப் பேக்கரியின் கேமராப் பதிவில் நீங்கள் ரோட்டை விட்டுக் கண்ணையே எடுக்கவில்லையாம். நான்தான் கையை ஆட்டி ஆட்டிப் பேசுகிறேனாம்.

"ஜட்ஜே சிரிச்சுட்டாரும்மா. உன் வீட்டுக்காரர் காதுல நீ பேசுனது ஒண்ணுமே விழல போல!" என்றார் அக்கா.

"உன் வாய்தான் என் காலை ஒடிச்சுது" என்று இனி ஒரு தடவை சொல்லிப் பாருங்கள்! ஆனால் நான் பேசியதைக் கேட்கவே இல்லையே, அதற்குத் தனி விசாரணை உண்டு.

தீர்ப்பு நகல் வாங்கப் போகிறேன். சாப்பாட்டை மூடி வைத்திருக்கிறேன். சூடாக்கிச் சாப்பிடுங்கள்.

பி.கு: சாயங்காலம் வண்டியை எடுத்துக்கொண்டு பஸ் ஸ்டாப்புக்கு வாருங்கள். விபத்துக்குப் பிறகு பின்சீட்டில் வாயே திறக்காமல்தானே வந்துகொண்டிருக்கிறேன்? இன்று வீடு வரைக்கும் பேசிக்கொண்டே வருவேன்.

நீங்கள் ரோட்டையே பாருங்கள். காதை மட்டும் இந்தப் பக்கம் கொடுங்கள்.