மொட்டைத் தலையில் வழுக்கிய பந்து

இன்று காலை திருப்பதியில் சித்தூர் பஸ் ஏறினேன். பக்கத்து சீட்டில் ஒருவர் வந்து உட்கார்ந்தார். புது மொட்டை, தலை முழுக்கச் சந்தனம். அந்த வாசனை மூக்கில் ஏறியது. இத்தனை வருஷம் கழித்தும், பாவி, நீதான் ஞாபகத்துக்கு வந்தாய்.

சித்தூரில் நம் கல்லூரி முதன்முதலாக ஃபுட்பால் டீம் சேர்த்தபோது நீ கேப்டன், நான் பேக், கோலுக்கு முன்னால் நின்று தடுக்கிறவன். பாதிப் பேருக்கு பூட்ஸ் கிடையாது, வெறுங்கால்தான். அந்த லட்சணத்திலும் ஃபைனல் வரைக்கும் வந்துவிட்டோம். ஃபைனல் திருப்பதியில் என்றதும் உனக்குத் தலைகால் புரியவில்லை.

"ஜெயிச்சிட்டு மொட்ட போடறது எல்லாரும் செய்றதுதான்டா. நாம முன்னாடியே முடிய குடுத்துருவோம். அப்புறம் பெருமாள் எப்டி கைய விரிப்பாரு?" என்றாய். பதினோரு பேரும் மண்டையை ஆட்டினோம். காலையில் மலையேறி முடி கொடுத்தோம். சந்தனத்தை அப்பிக்கொண்டு இறங்கி, சாயந்தரம் அப்படியே மைதானத்தில் நின்றோம். ஒருத்தனுக்காவது கழுவத் தோன்றியதா? சாமி சந்தனமாயிற்றே!

கடைசி ஐந்து நிமிஷம், இரண்டு டீமுக்கும் ஆளுக்கொரு கோல், லேசான தூறல். உயரமாக ஒரு பந்து வந்தது. வழக்கம்போல எகிறி முட்டினேன். முடி இருந்திருந்தால் முன்னால் போயிருக்கும். ஊறிப்போன சந்தனத்தில் சர்ரென்று வழுக்கி, பின்னால் நம் கோலுக்குள்ளேயே போய் விழுந்தது. மைதானமே சிரித்தது. ஆட்டம் முடிந்ததும் நம் ஆட்கள் என்னைத் திட்டித் தீர்த்தார்கள். நீதான் குறுக்கே வந்து நின்றாய்.

"மொட்ட என் ஐடியா. திட்டணும்னா என்ன திட்டுங்கடா. அவன் இன்னா பண்ணுவான்?"

அதைக் கேட்டும் நான் உங்களோடு வண்டி ஏறவில்லை. வடமாலபேட்டையில் எங்கள் வீட்டுக்குப் போய்ப் படுத்துக்கொண்டேன். மறுநாள் பிராக்டிஸுக்கு வரவில்லை. அப்புறம் வரவே இல்லை.

நீ அதே கல்லூரிக்குக் கோச்சானாய். நான் கரண்ட் ஆபீசில் சேர்ந்தேன். சீசன் தொடங்கினால் உன் போன் வந்துவிடும். "பேக் ஆடற பசங்களுக்குச் சொல்லிக்குடுக்க ஆளில்ல நைனா. சும்மா வந்துகினு போனா போதும்." எனக்கு ஆபீஸ் வேலை, மகளுக்குப் பரீட்சை, முட்டி வலி. பொய்யெல்லாம் தீர்ந்துபோய் ஒரு வருஷம் நேராகவே சொன்னேன், "எனக்கு அசிங்கமா இருக்குதுடா."

"மறுநாளே வந்திருந்தா அன்னிக்கே போயிருக்கும்டா அது," என்றாய். கோபத்தில் போனை வைத்துவிட்டேன். இந்தப் பங்குனியில் நீ போய்ச் சேர்ந்தாய்.

நேற்று உன் டீம் கேப்டன், ஏர்பேட்டுக்காரன், திருச்சானூரில் என் வீட்டைத் தேடி வந்தான். "சார், கோச் கையெழுத்து இல்லன்னா இந்த வருஷம் நமக்கு எண்ட்ரி இல்லயாம். நாளைக்குதான் கடைசி நாள். விட்டா டீமயே கலைச்சிருவாங்க. கோச் சார் எப்பவும் உங்க பேரத்தான் சொல்லிகினு இருந்தாரு." முடியாது என்று அனுப்பிவிட்டேன். அவன் தலையைத் தொங்கப்போட்டுக்கொண்டு போனதைப் பார்த்ததும் என் மேலேயே எனக்கு எரிச்சல் வந்தது.

அதனால்தான் இந்த பஸ். நீ இருந்தவரை எட்டிப் பார்க்காத கல்லூரிக்குள் இன்று நுழைந்தேன். படிவத்தில் பயிற்சியாளர் என்ற இடத்தில் என் பெயரை எழுதிக் கையெழுத்துப் போட்டேன்.

"இந்த வயசுல எதுக்கு சார் உங்களுக்கு?" என்றார் ஆபீஸ்காரர்.

"நான் என்ன ஓடவா போறேன்? கத்தப் போறேன்!"

பையன்களை நாளைக் காலை ஆறு மணிக்கு வரச் சொல்லியிருக்கிறேன். ஜெயிப்போமா, தெரியாது. நீ இல்லாத மைதானத்தில் நிற்கப் பயமாக இருக்கிறது, உன்னிடம் சொல்வதற்கென்ன. ஆனாலும் நிற்பேன். ஒருவேளை தோற்றால், அதற்கு அடுத்த நாள் விடியும்போது அங்கே வந்து நிற்கும் முதல் ஆள் நான்தான்டா.