பஞ்சு முயலின் வயிறு

நவ. 3, 2001, சனி

தூறல். துணி காயவில்லை. ஏழாம் மாதம் பிறந்தாயிற்று. போன இரண்டும் இந்த ஏழில்தான் போயின. முதலில் பெண், அப்புறம் ஆண். இதையாவது பெற்றெடுத்துவிட வேண்டும்.

பிரஷர் 150/100. நர்ஸ் சொன்னது: உப்பைக் குறைக்கணும், இடது பக்கம் படுக்கணும், அசைவை எண்ணி எழுதணும். "மெத்துன்னு எதையாவது பிடிச்சு அமுக்கிக்கிட்டே இருங்க டீச்சர், படபடப்பு அடங்கும்."

சாயங்காலமே இவர் கோவில்பட்டி கடைவீதியிலிருந்து பஞ்சு முயலோடு வந்தார், செருப்பெல்லாம் கரிசல். அத்தைக்கு முகம் சுருங்கிவிட்டது.

"ஏலே, பிள்ள பெறக்கதுக்கு முந்தி பொம்ம வாங்கலாமா?"

"இது பிள்ளைக்கு இல்லம்மா. இவளுக்கு."

நவ. 5

லீவு. முருங்கைக்கீரை. முயலுக்கு வயிறுதான் நல்ல இடம். அமுக்கினால் விரல் பதிந்து குழி விழுகிறது. பத்து எண்ணுவதற்குள் உப்பிவிடுகிறது. கூடவே நானும் மூச்சு விடுகிறேன். பைத்தியக்காரத்தனம். ஆனால் சுகம். பிரஷர் 130/90. அசைவு 14.

நவ. 6

அமுக்கினேன், உள்ளே ஓர் உதை. இரண்டு தரம் அமுக்கினேன், இரண்டு உதை. வாயாடி, பதில் சொல்கிறது! யாரிடமும் சொல்லவில்லை. கண் பட்டுவிடும்.

நவ. 8

அத்தை முயலைப் பீரோவில் வைத்துப் பூட்டிவிட்டார்கள். "பெத்து எறக்கிட்டு எடுத்துக்கோ தாயி." சாவி அவர்கள் இடுப்பில்.

மத்தியானம் சும்மா படுத்திருந்தேன். உதை. உடனே இன்னொன்று. பூட்டிய முயலை யார் அமுக்குகிறார்கள்? கெஞ்சிக் கூத்தாடிப் பீரோவைத் திறக்க வைத்தேன்.

முயல் வயிற்றில் குழிகள். பயறு பயறாகக் குட்டி விரல் தடங்கள். இரண்டு கை, இரண்டுமே இடது கை. ஒரே பிள்ளையின் கைகள் இல்லை. பார்க்கப் பார்க்க உப்பிச் சரியாகிவிட்டன.

"என்னட்டி அப்படிப் பாக்க?"

"ஒண்ணுமில்ல அத்தை. பூட்டுங்க."

நவ. 9

தூக்கமில்லை. பீரோ பக்கம் போகவில்லை. அசைவு 6.

நவ. 10

வெயில். காலையிலிருந்து அசைவு 0. சர்க்கரைத் தண்ணீர் குடித்தேன். 0. புரண்டு படுத்தேன். 0. இவர் ஆட்டோ பிடிக்க ஓடியிருக்கிறார். அத்தை அடுக்களையில் அழுகிறார்கள். சாவியை நானே பிடுங்கி வந்தேன்.

முயலைக் கட்டிலில் வைத்துக் கையை எடுத்துவிட்டேன். போன இரண்டுக்கும் பெயர்கூட வைக்கவில்லை நான்.

"ஏட்டி... ஏலே... அம்மா பயந்துபோய்ப் பூட்டச் சொல்லிட்டேன். கோவிச்சுக்காதீங்க. கொஞ்சம் அமுக்குங்க, உங்க கூடப்பொறந்தத எழுப்பிவிடுங்க."

முயலின் வயிறு குழிகிறது. இந்தப் பக்கம். அந்தப் பக்கம்.

அசைவு 1.

2.