அரிசி மாவுதான் என்று சொன்னேன்

அக்கா,

இந்த நேரத்தில் எழுத உட்கார்ந்ததற்கு மன்னித்துக்கொள்ளுங்கள். பகலில் எழுதினால் யாராவது எட்டிப் பார்ப்பார்கள், என் பாப்பா பேனாவைப் பிடுங்குவாள். இப்போது அவள் தூங்கிவிட்டாள். நான் நான்கு முறை பல் துலக்கிவிட்டேன். அப்படியும் கடைவாயில் எங்கோ ஒரு துணுக்கு இருக்கிறது. நாக்கால் தேடினால் அகப்படவில்லை. பல்லைக் கடித்தால் மட்டும் நற என்கிறது. அந்தச் சத்தம் காதுக்குள்ளிருந்து வருவதுபோல் இருக்கிறது.

உங்களுக்கு அந்த நறநறப்பு தெரியும். இந்த வீட்டில் அதை வாய்விட்டுச் சொன்னவர் நீங்கள் ஒருவர்தான். நீங்கள் போய் மூன்று வருடம் ஆகிறது. எங்கே இருக்கிறீர்கள் என்று உங்கள் அம்மா சொல்ல மாட்டேன் என்கிறார். உங்கள் பழைய நம்பரில் வேறு யாரோ ஒரு ஆள் எடுத்துப் பேசுகிறார். அதனால்தான் கடிதம்.

இன்று மத்தியானம் பீன்ஸ் பொரியல், மேலே முறுகல் வெங்காயம். நாம் இருவரும் சேர்ந்து கண்டுபிடித்த அதே பொரியல்தான்.

நான் கல்யாணமாகிச் சின்ன மருமகளாக வந்த புதிதில் இந்த வீட்டு பீன்ஸை யாரும் மனசாரத் தின்றதில்லை. அத்தை அதைக் குக்கரில் போட்டு மூன்று விசில் விடுவார். வெளியே வரும்போது சாம்பலும் பச்சையும் கலந்த ஒரு நிறம், கழுவாத பாத்திரத்தின் வாடை. உங்கள் மகள் ஒவ்வொரு துண்டாக எடுத்துத் தட்டின் விளிம்பில் பஸ் வரிசை மாதிரி நிறுத்தி வைப்பாள். ஒரு ஞாயிற்றுக்கிழமை பிரியாணிக்கு வறுத்த வெங்காயம் ஒரு கைப்பிடி மிஞ்சியது. மறுநாள் அதை நீங்கள் பீன்ஸின் தலையில் கொட்டினீர்கள்.

"என்னாக்கா இது, பொரியலுக்கு விக்கு வச்ச மாதிரி இருக்குது?" என்று கேட்டேன்.

"மொட்டையா இருந்தா எம் பொண்ணு தொட மாட்டேங்குறா. முடி வச்சாவாச்சும் தின்றாளான்னு பாப்பம்" என்றீர்கள்.

தின்றாள். தட்டை நீட்டி இன்னும் கேட்டாள். அதற்கப்புறம் அது நம் இரண்டு பேருடைய சமையலாகிவிட்டது. பீன்ஸைப் பொடியாக நறுக்கி, மூடி போடாமல் வாணலியிலேயே வதக்கினால் பச்சை நிறம் போகாது என்று நீங்கள் கண்டீர்கள். வெங்காயத்தை உப்புப் போட்டுப் பிசைந்து, நீரைப் பிழிந்துவிட்டு, அரிசி மாவும் மிளகாய்த்தூளும் தூவிப் பொரித்தால் சாயங்காலம் வரை மொறுமொறுப்பு நிற்கும் என்று நான் கண்டேன். "சட்டியில தூவாத, நமுத்துப்பூடும். தட்டுல வுழுந்தப்புறம் தூவு" என்பீர்கள். இதை எழுதும்போது ஒரு நொடி வாயில் எச்சில் ஊறுகிறது. அடுத்த நொடி அதே எச்சில் கசக்கிறது.

இந்த வீட்டு ஜாடிகள் எப்படி என்று உங்களுக்கு நான் சொல்லவேண்டியதில்லை. நம் பீங்கான் ஷெட்டின் சூளையிலிருந்து கோணலாகவும் கீறலோடும் வருகிற ஜாடி ஒன்றையும் விற்க முடியாது. எல்லாம் நம் அடுக்களைக்கு வந்து சேரும். உப்பு, ரவை, மைதா, அரிசி மாவு எல்லாமே ஒரே வெள்ளை ஜாடியில், ஒரே அலமாரியில். பெயர் எழுதி ஒட்டலாம் என்றால் அத்தைக்குக் கோபம் வரும். "இது என்னா மருந்துக் கடையா? மூடியத் தொறந்தா தெரியாது?" என்பார். மழைக்காலத்தில் ஷெட் ஒழுகும். அப்போது பீங்கான் பொம்மைக்கான வெள்ளை மண் பவுடரையும் இரண்டு ஜாடியில் கொட்டி, ஈரம் படாமல் இருக்க அதே அலமாரியில் கொண்டுவந்து வைப்பார்கள். "சோத்துக்கும் சூளைக்கும் ஒரே அலமாரியா?" என்று நீங்கள் கேட்கும்போதெல்லாம், பெரிய இடத்துப் பெண் வந்துவிட்டாள் என்று அத்தை முனகுவார். எனக்குச் சிரிப்பு வரும். அப்போது எனக்குக் குழந்தை இல்லை.

அது நடந்த அன்றைக்கும் மழைதான். நீங்கள் பீன்ஸ் வதக்கினீர்கள், வெங்காயம் என் பொறுப்பு. கரண்ட் இல்லை. அலமாரியிலிருந்து நான் ஒரு ஜாடியை எடுத்தேன். மூடியைத் திறந்து பார்த்தேன், வெள்ளையாக இருந்தது, அள்ளிப் போட்டேன். எண்ணெயில் விட்டதும் எண்ணெய் பால் மாதிரிக் கலங்கியது. வெங்காயம் சிவக்கவே இல்லை. ரொம்ப நேரம் தண்ணீரில் ஊறிய விரல் தோல்போல வெளிறிப்போய் மிதந்தது. அடுப்பு சரியாக எரியவில்லை என்று நினைத்துக்கொண்டேன்.

உங்கள் மகள் இரண்டாவது வாயிலேயே துப்பினாள். "மண்ணும்மா" என்றாள். நீங்கள் அவள் தட்டிலிருந்து ஒன்றை எடுத்து வாயில் போட்டீர்கள், மென்றீர்கள், நிறுத்தினீர்கள். உங்கள் முகம் அப்போது போன போக்கு எனக்கு இன்னும் கண்ணில் நிற்கிறது.

"அத்த, இது மாவு இல்ல. ஷெட்டுப் பவுடரு."

"வெங்காயம் முறுவுனா கரகரன்னுதான் இருக்கும்" என்றார் அத்தை. "பீன்ஸு திங்காம இருக்க ஒம் பொண்ணு பொய் சொல்லுது. நீயும் அதுக்குத் தாளம் போடுற."

மாமா மட்டும் நிமிரவே இல்லை. "இந்த ஊர்ல பொறந்தவன் வயித்துல பாதி மண்ணுதான். தின்னுட்டு எந்திரிங்க" என்று சொல்லிவிட்டு, தன் தட்டில் இருந்ததை ஒரு இழை விடாமல் மென்று முடித்தார். அவர் தாடை அரைத்த சத்தம் கூடம் முழுக்கக் கேட்டது. இன்றைக்கும் அவர் சாப்பிடும்போது நான் எழுந்து பின்கட்டுக்குப் போய்விடுகிறேன்.

அப்புறம் அத்தை என் பக்கம் திரும்பினார். "நீ சொல்லும்மா. எந்த ஜாடியிலேர்ந்து எடுத்த?"

நான் எடுத்த ஜாடியில் இருந்தது என்ன என்று எனக்கு உண்மையிலேயே தெரியவில்லை அக்கா. தெரியவில்லை என்று சொல்லியிருக்கலாம். ஆனால் வருகிறவர்கள் போகிறவர்களிடமெல்லாம் அத்தை என்னைப் பற்றிச் சொல்லி வைத்திருந்தார், சின்ன மருமகள் கெமிஸ்ட்ரி டிகிரி என்று. அரிசி மாவுக்கும் பொம்மைப் பவுடருக்கும் வித்தியாசம் தெரியாதவள் என்று ஆகிவிடுமே என்று பயந்தேன். "அரிசி மாவு ஜாடிதான் அத்த" என்றேன்.

"கேட்டுக்க. அவ அதுக்குன்னு காலேஜ்ல படிச்சவ. அவளே மாவுன்றா. நீ என்னா பெருசா கண்டுட்ட?"

மகளைத் தூக்கிக்கொண்டு போய் வாய் கொப்பளிக்க வைத்தீர்கள். அன்று ராத்திரி அவள் வாந்தி எடுத்தாள்.

அதற்கு முன்னாலேயே, எல்லோரும் படுத்திருந்த மத்தியானத்தில், நான் அந்த ஜாடியைத் திறந்து ஒரு சிட்டிகை நாக்கில் வைத்துப் பார்த்திருந்தேன். நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொண்டது. மாவு கரையும், இது கரையவில்லை. மழையில் நனைந்த சுவரை நக்கியதுபோல் ஒரு ருசி. தெரிந்துவிட்டது. தெரிந்த பிறகு நான் செய்ததுதான் கேவலம். பவுடரைச் சாக்கடையில் கொட்டினேன். ஜாடியைச் சாம்பல் போட்டுத் தேய்த்தேன், கேஸ் அடுப்புப் பக்கத்தில் வைத்துக் காயவைத்தேன், அரிசி மாவை நிரப்பி அதே இடத்தில் வைத்தேன்.

காலையில் நீங்கள் வந்து நேராக அந்த ஜாடியைத்தான் எடுத்தீர்கள். மாவைத் தொட்டீர்கள், முகர்ந்தீர்கள், பிறகு ஜாடியின் வெளிப்பக்கத்தைத் தடவிப் பார்த்தீர்கள். அலமாரியில் மற்ற ஜாடிகள் எல்லாம் பிசுக்கேறிக் கிடக்க அது ஒன்று மட்டும் பளபளவென்று இருந்தது.

"கழுவிட்டியா?" என்று கேட்டீர்கள்.

நான் பால் பொங்குகிறதா என்று பார்த்துக்கொண்டிருந்தேன். பால் பொங்கவில்லை. அதற்கு மேல் நீங்கள் கேட்கவும் இல்லை, அத்தையிடம் சொல்லவும் இல்லை. ஏன் சொல்லவில்லை என்று இன்றுவரை எனக்கு விளங்கவில்லை. பத்து நாள் அத்தை தெருவெல்லாம் பேசினார், பெரிய மருமகள் வீட்டுச் சோற்றில் மண் என்று பழி போடுகிறாள் என்று. பதினோராவது நாள் நீங்களும் உங்கள் வீட்டுக்காரரும் மகளும் உங்கள் அம்மா ஊருக்கு, வேப்பூர் பஸ் ஏறினீர்கள். வாசல் வரை நான் தூக்கி வந்த பையை என் கையிலிருந்து வாங்கிக்கொண்டீர்கள். "போயிட்டு வரேன்" என்று சொல்லாமல் போனீர்கள்.

இன்றைக்கு நடந்தது இதுதான். இந்த மழைக்கும் பவுடர் ஜாடி இரண்டும் அதே அலமாரிக்கு வந்திருந்தன. நான் மாடியில் துணி எடுத்துக்கொண்டிருந்தேன், திடீரென்று தூறல். கீழே அத்தை சமைத்து, பாப்பாவுக்கு ஊட்டிக்கொண்டிருந்தார். அவளுக்கு அந்த முறுகல் வெங்காயம் என்றால் உயிர். நான் படி இறங்கும்போதே அழுகைச் சத்தம். "கல்லு, கல்லு" என்று நாக்கை வெளியே நீட்டிக்கொண்டு நிற்கிறாள். நாக்கு முழுக்க வெள்ளை. விரலை விட்டு வழித்தேன். எச்சிலில் குழைந்த பவுடர் ஈறு ஓரமெல்லாம் பசைபோல அப்பியிருந்தது, நடுவில் பாதி மென்ற பீன்ஸ், எண்ணெய், மூக்குச்சளி. என் விரலிடுக்கில் அது வழிந்தது. நான் அங்கேயே வாந்தி எடுத்தேன். அப்புறம் தட்டிலிருந்து ஒரு இழையை எடுத்து என் வாயில் போட்டுக் கடித்தேன். நிச்சயம் பண்ணிக்கொள்ள வேண்டியிருந்தது.

"ஒண்ணும் இல்லம்மா, வெங்காயம் முறுகிடுச்சி" என்றார் அத்தை. அதே வார்த்தை.

"பவுடரு அத்த. அன்னிக்கும் இதேதான்."

"அன்னிக்கி நீதான மாவுன்னு சொன்ன?"

"பொய் சொன்னேன்."

அத்தை கையில் சோறு காயக் காய அப்படியே உட்கார்ந்திருந்தார். திட்டுவார் என்று நினைத்தேன். சோற்றைத் தட்டில் உதறிவிட்டுச் சொன்னார். "ஒரு வார்த்த உண்மைய சொல்லியிருந்தீன்னா அன்னிக்கே அந்த ஜாடிய வெளிய போட்டுருப்பனே. ஒன்னைய நம்பித்தான புள்ள அவள அந்தப் பேச்சு பேசுனேன்."

அத்தை மேலும் எனக்கு அருவருப்புதான் அக்கா. அந்த அலமாரி மேல், பிசுக்கு மேல், தாடையை அசைத்துக்கொண்டே இருக்கும் மாமா மேல், எல்லாவற்றின் மேலும். ஆனால் அந்த வாக்கியத்தில் தப்பு இல்லை. என் மகள் வாயில் போனது நான் மூன்று வருடத்துக்கு முன் கழுவி வைத்த பொய்தான்.

டாக்டரிடம் காட்டினோம். அவர் சிரிக்கவில்லை, பயமுறுத்தவும் இல்லை. "கொஞ்சமாத்தான போயிருக்கு, வெளிய வந்துடும். தண்ணி நெறைய குடுங்க. மொதல்ல அந்தப் பவுடர வூட்ட வுட்டு எடுங்க" என்றார். வந்ததும் இவர் இரண்டு ஜாடியையும் ஷெட்டுக்குத் தூக்கிக்கொண்டு போனார். நான் மீதி ஜாடிகளை எல்லாம் கவிழ்த்துக் கொட்டிவிட்டேன், நல்ல மாவையும் சேர்த்து. அத்தை தடுக்கவில்லை. ராத்திரி அவர் சாப்பிடவும் இல்லை.

டாக்டர் சொன்னது எனக்குப் போதவில்லை. பாப்பா புரண்டு படுத்தால் எழுந்து வயிற்றைத் தொட்டுப் பார்க்கிறேன். கொஞ்சம் முன்னால் ஒரு தடவை இருமினாள். சாதாரண இருமல்தானா என்று யாரைக் கேட்பது? இதே வீட்டில் இதே பவுடரைத் தின்ற இன்னொரு குழந்தை உங்களிடம் இருக்கிறாள். இத்தனை வருடத்தில் ஒரு நாள்கூட நான் அவளைப் பற்றி இப்படி நினைத்ததில்லை. இப்போது என் குழந்தைக்காகத்தான் நினைக்கிறேன் என்பதும் எனக்குத் தெரிகிறது. அதற்கும் சேர்த்து என்னைத் திட்டுங்கள்.

என்னை மன்னியுங்கள் என்று கேட்க வாய் வரவில்லை. உங்களோடு சேர்ந்து சமைத்த அந்த ஆறு மாதத்தை நினைக்கும்போதெல்லாம், நீங்கள் ஜாடியைத் தடவிப் பார்த்த அந்த விரல்தான் முதலில் வருகிறது. அது என்னோடுதான் இருக்கும். ஆனால் உங்கள் மகளிடம் ஒன்று சொல்லிவிடுங்கள். இப்போது அவளுக்குப் புரிகிற வயசு. அன்றைக்கு அவள் பொய் சொல்லவில்லை, அது மண்தான், சித்திக்கு அது தெரியும் என்று சொல்லுங்கள். அத்தையிடமும் மாமாவிடமும் நான் சொல்லிவிட்டேன். தெருவில் யாராவது கேட்டாலும் சொல்வேன்.

அந்த வாந்திக்கு அப்புறம் அவளுக்கு வயிற்று வலி வந்ததா, எத்தனை நாள் இருந்தது, மருந்து ஏதாவது கொடுத்தீர்களா, இப்போது நன்றாகச் சாப்பிடுகிறாளா? எதுவானாலும் மறைக்காமல் எழுதுங்கள். இதை நாளைக் காலை உங்கள் அம்மாவிடம் கொடுக்க நானே வேப்பூர் போகிறேன். பதிலை அவரிடமே கொடுத்தனுப்புங்கள், நான் வந்து வாங்கிக்கொள்கிறேன். நீங்கள் எங்கே இருக்கிறீர்கள் என்று கேட்க மாட்டேன்.

இரண்டு வரி போதும் அக்கா. சீக்கிரம் எழுதுங்கள்.